பேய்க்குத் தமிழ் படிக்கத் தெரியுமா?

கேள்வி: பெங்களூர் அல்சூரில் இருக்கிறோம். எட்டு வயது மகள் தினமும் இரவு என் மாமியாரிடம் பேய்க்கதை கேட்கிறாள். கதை உச்சத்துக்குப் போகும்போது போர்வைக்குள் சுருண்டுகொள்கிறாள். கையில் மயிர் குத்திட்டு நிற்பதை எல்லோரிடமும் காட்டுகிறாள். உடனே, "பாட்டி, மறுபடியும் சொல்" என்கிறாள். உடம்பு ஏன் இப்படிச் சிலிர்க்கிறது? பயப்படுவதில் குழந்தைக்கு என்ன இன்பம்? மூன்று வயதுத் தம்பியும் பக்கத்தில்தான் படுத்திருக்கிறான். நிறுத்தச் சொல்லலாமா?

பதில்:

மாமியாரை நிறுத்தச் சொல்லாதீர்கள். ஒரே ஒரு ஏற்பாட்டை மாற்ற வேண்டியிருக்கும். அதைக் கடைசியில் சொல்கிறேன். நான் செவிலியர் மாணவர்களுக்கு உடலியங்கியல் நடத்துகிறவன். நரம்பு மண்டலப் பாடத்தில் இந்தச் சிலிர்ப்புக்கு ஒதுக்கப்பட்டிருப்பது ஓரிரு வரிகள்தான். அந்த வரிகளைத் தாண்டுவதற்குள் வகுப்பில் பாதி நேரம் போய்விடும், ஏனென்றால் ஒவ்வொருவரிடமும் சொல்வதற்கு ஒரு பேய் இருக்கும்.

அடுத்த முறை மகள் கையை நீட்டும்போது கைப்பேசி விளக்கைப் பக்கவாட்டில் பிடித்துப் பாருங்கள். தோல் முழுக்கக் கடுகு ஒட்டியதுபோல் மேடு தட்டியிருக்கும். மயிர் தோலில் நேராக நடப்பட்டிருப்பதில்லை. காற்றில் சாய்ந்த நாற்றுப் போலச் சரிந்திருக்கிறது. அதன் வேர்ப்பையிலிருந்து தோலின் மேலடுக்கை நோக்கி நூல் போன்ற ஒரு சின்னத் தசை ஓடுகிறது. அது சுருங்கும்போது மயிர் நிமிர்கிறது. தசை பிடித்து இழுக்கும் இடத்தில் தோல் லேசாகக் குழிய, மயிரைச் சுற்றி மேடு கிளம்புகிறது. இமைமயிருக்கு இந்தத் தசை கிடையாது. உள்ளங்கையில் மயிரே கிடையாது. எவ்வளவு பெரிய பேய் வந்தாலும் உள்ளங்கை சிலிர்க்காது, வியர்க்கத்தான் செய்யும்.

கையை மடக்கும் தசை நாம் சொன்னால் மடங்கும். இந்தத் தசை அப்படிச் சொல்பேச்சுக் கேட்பதில்லை. குடலையும் ரத்தக்குழாயையும் சுற்றியிருக்கிற வகையைச் சேர்ந்தது, மென்தசை என்போம். இதற்குக் கட்டளை தருவது பரிவு நரம்பு மண்டலம். ஆபத்து என்று மூளை முடிவு கட்டியதும் தண்டுவடத்தை ஒட்டி ஓடும் அந்த நரம்புகள் வழியே செய்தி இறங்குகிறது. தசையின் வாசலில் நார்அட்ரினலின் என்ற வேதிப்பொருள் சுரக்க, தசை சுருங்குகிறது. கூடவே இதயம் படபடக்கிறது, கண்மணி விரிகிறது. சிறுநீரகத்தின் தலைமேல் தொப்பி போல உட்கார்ந்திருக்கும் அட்ரினல் சுரப்பி, தன் பங்குக்கு ரத்தத்தில் அட்ரினலினைக் கலக்கிறது. இது ரத்தத்தோடு சுற்றுவதால் பேய் போன பிறகும் சற்று நேரம் உடம்பில் இருக்கும். இந்த ஒரு விவரத்தை முடிந்து வைத்துக்கொள்ளுங்கள், பின்னால் தேவைப்படும்.

எதற்காக இந்த ஏற்பாடு? உடல் முழுக்க அடர்ந்த மயிரோடு திரிந்த முன்னோர்களிடமிருந்து நமக்கு வந்தது இது. குளிர் காலத்தில் மயிர் நிமிர்ந்தால் இடையில் காற்று சிறைப்பட்டு உடல் சூடு வெளியே போகாமல் இருக்கும். எதிரி வந்தால் உருவம் பெரிதாகத் தெரியும். இரவு பத்து மணிக்கு உங்கள் தெருமுனையில் இரண்டு நாய்கள் முறைத்துக்கொண்டு நிற்பதைப் பார்த்திருப்பீர்கள். கழுத்திலிருந்து வால் வரை முதுகில் ஒரு கோடு சிலிர்த்து நிற்கும். பூனை இன்னும் நன்றாகச் செய்யும். சார்லஸ் டார்வின் 1872இல் உணர்ச்சிகளைப் பற்றி எழுதிய நூலில் இந்த மயிர் நிமிர்தலுக்கு நிறையப் பக்கங்கள் ஒதுக்கியிருக்கிறார். நம் உடலில் மயிர் மெலிந்துபோயிற்று, தசை மட்டும் தங்கிவிட்டது. வீட்டை இடித்த பிறகும் வாசற்படி மிஞ்சியதைப் போல.

முழுக்க வேலையற்ற தசை என்றும் சொல்லிவிட முடியாது. ஹார்வர்டு பல்கலைக்கழகத்திலும் தைவானிலும் உள்ள ஆய்வாளர்கள் 2020இல் எலிகளை வைத்துக் கண்டறிந்த ஒரு செய்தி எனக்கு மிகவும் பிடித்தது. மயிரை நிமிர்த்தும் தசையைப் பற்றிக்கொண்டுதான் பரிவு நரம்பு, புதிய மயிரை உண்டாக்கும் குருத்தணுக்களைத் தொட்டு நிற்கிறது. குளிர் நீடித்தால் அதே நரம்பு அந்த அணுக்களைத் தட்டி எழுப்பிப் புதிதாக மயிரை வளரச் செய்கிறது. இப்போதைக்கு இருக்கிற மயிரை நிமிர்த்து, வரப்போகும் குளிருக்குப் புதியதை வளர்: ஒரே கம்பியில் இரண்டு உத்தரவு. (பேய்க்கதை கேட்டால் முடி வளருமா என்று ஒரு மாணவி கேட்டாள். வளராது.)

குளிரும் பயமும் போகட்டும். கோயிலில் நாகஸ்வரம் ஓர் இடத்தில் ஏறும்போது ஏன் சிலிர்க்கிறது? இங்கேதான் ஆங்கிலேயர்களைவிட நாம் முந்திக்கொண்டோம் என்று நான் வகுப்பில் பெருமையடித்துக்கொள்வதுண்டு. ஆங்கிலத்தில் இதற்கு வாத்தின் பெயர்; பிரெஞ்சில் கோழியின் பெயர்; ஜப்பானியரும் பறவைத் தோல் என்கிறார்கள். எல்லாம் இறகு பிடுங்கிய பறவையின் தோலைப் பார்த்து வைத்த பெயர்கள். என் கன்னட நண்பர்கள் 'மை ஜும்' என்கிறார்கள், அது உள்ளே உணர்வதைச் சொல்கிறது. தமிழில் மெய்சிலிர்ப்பு, புல்லரிப்பு, மயிர்க்கூச்செறிதல், புளகம் என்று அடுக்கிக்கொண்டே போகலாம். மாணிக்கவாசகர் 'மெய்தான் அரும்பி' என்கிறார். உடம்பு மொட்டு விட்டதாம். பயந்தவன் உடம்பைப் பற்றி அவர் பேசவில்லை, இறைவன் முன் நெகிழ்ந்தவன் உடம்பைப் பற்றிப் பேசுகிறார். பயமோ பக்தியோ குளிரோ, தோலுக்குத் தெரிந்தது ஒரே ஒரு சைகை.

இசைச் சிலிர்ப்பை ஆராய்ந்தவர்களில் ஜாக் பாங்செப் என்பவர் 1990களில் ஒரு கருத்தை முன்வைத்தார். கூட்டத்தைப் பிரிந்த குட்டி எழுப்பும் கூக்குரல் தாயின் உடலில் குளிரை உண்டாக்கியிருக்கலாம்; குளிர்ந்த உடல் குட்டியை அணைக்கத் தேடிப் போகும்; தனித்து எழும் ஒரு குரல் இன்றும் நம்மைச் சிலிர்க்க வைப்பது அந்தப் பழைய தொடர்பால் இருக்கலாம் என்றார். இது ஊகம்தான், நிறுவப்பட்டது இல்லை. ஆனால் இதைப் படித்த அன்று எனக்கு என் அம்மாவின் குரல் நினைவுக்கு வந்தது. அந்தக் கதையைச் சொல்லாமல் உங்கள் கேள்விக்குப் பதில் சொல்ல என்னால் முடியாது.

1990களில் பெங்களூரில் 'நாளே பா' பரவியது உங்களுக்குத் தெரியுமோ என்னவோ, உங்கள் பக்கத்து வீட்டுப் பெரியவர்களைக் கேட்டால் சொல்வார்கள். இரவில் ஒரு பேய் தெருத் தெருவாக வருகிறது. கதவைத் தட்டுகிறது. வீட்டுக்கு வேண்டிய ஒருவர் குரலில், பெரும்பாலும் அம்மா குரலில், பெயர் சொல்லி அழைக்கிறது. கதவைத் திறந்தால் சாவு. தப்பிக்க ஒரே வழி, கதவில் கன்னடத்தில் 'நாளே பா', அதாவது நாளை வா என்று எழுதி வைப்பது. பேய் படித்துப் பார்க்கும், சரி என்று போய்விடும். மறுநாள் வரும், மறுபடியும் படிக்கும், மறுபடியும் போகும். இப்படி ஒரு நல்ல பிள்ளைப் பேயை நான் வேறெங்கும் கேள்விப்பட்டதில்லை.

நாங்கள் அப்போது ஸ்ரீராமபுரத்தில் இருந்தோம். ஒரே முற்றத்தைச் சுற்றி வரிசையாக எட்டு வீடு, நடுவில் ஒரு குழாய். எல்லாக் கதவிலும் சாக்கட்டியால் எழுதியாகிவிட்டது. எங்கள் கதவில் அப்பா எழுதினார். பாட்டிக்கு மனம் ஒப்பவில்லை. வேலூர்ப் பக்கத்திலிருந்து வந்தவர், நாற்பது வருடம் இங்கே இருந்தும் கன்னடம் எழுத்துக்கூட்டத் தெரியாதவர். "வருகிற பேய் நம்ம ஊர்ப் பேயாக இருந்தால் என்னடா செய்வது? அதற்குக் கன்னடம் தெரியுமா?" என்றார். நியாயமான கேள்வி. பேய்க்குத் தமிழ் படிக்கத் தெரியுமா என்று நான் திருப்பிக் கேட்டேன். தெரிந்தால் நல்லதுதானே, எழுது என்று சாக்கட்டியைக் கையில் கொடுத்தார். ஒன்பது வயது. கன்னட வழிப் பள்ளியில் படித்தேன், தமிழ் வீட்டில் கற்றுக்கொண்டது. 'நாலை வா' என்று எழுதிவிட்டேன்.

படுத்த பிறகுதான் சந்தேகம் வந்தது. ளகரமா லகரமா? 'நாலை' என்றால் பேய் என்ன நினைத்துக்கொள்ளும்? நாலு மணிக்கு வா என்று புரிந்துகொண்டால்? எழுந்து போய்த் திருத்தலாம், அதற்குக் கதவைத் திறக்க வேண்டும். சுவர்க் கடிகாரத்தைப் பார்த்துக்கொண்டே கிடந்தேன். பன்னிரண்டு, இரண்டு, மூன்றரை. எப்போது கண் அசந்ததோ தெரியாது. சரியாக நாலு மணிக்கு வாசல் பக்கத்திலிருந்து அம்மா குரல் என் பெயரைச் சொல்லிக் கூப்பிட்டது.

குழாயில் தண்ணீர் வரும் நேரம் அது. அம்மா முன்னமே எழுந்து குடத்தோடு வெளியே போய்விட்டிருக்கிறார். இன்னொரு குடம் எடுத்து வரச் சொல்லித்தான் கூப்பிட்டார். பக்கத்தில் அம்மா படுத்திருந்த இடம் காலி என்பதைக் கவனிக்கிற நிலையில் நான் இல்லை. அன்று சிலிர்த்த மாதிரி அதற்குப் பிறகு என் உடம்பு சிலிர்த்ததில்லை. உச்சந்தலை வரை ஏறியது. குடம் போகவே இல்லை. அம்மா உள்ளே வந்து முதுகில் ஒன்று வைத்தார். அந்த அடி எனக்கு எவ்வளவு இனித்தது என்பதை இன்றுவரை அவரிடம் சொல்லவில்லை.

காலை எட்டு மணிக்கெல்லாம் முற்றத்துப் பையன்கள் அத்தனை பேரும் இதைக் கேட்டுவிட்டார்கள். பத்து தடவையாவது சொல்லியிருப்பேன். சொல்லும்போதே முழங்கையைத் திருப்பிக் காட்டினேன், மயிர் மறுபடி எழுந்திருந்தது. எதிர் வீட்டுத் தெலுங்குப் பையன் தன் கையைக் காட்டினான். அவனுக்கும் எழுந்திருந்தது.

உங்கள் மகள் செய்வது இதைத்தான். அவள் கையைக் காட்டுவதைக் கவனியுங்கள் என்று நான் சொல்வது இதனால்தான். பொய்யாக அழ முடியும், பொய்யாகச் சிரிக்க முடியும். பொய்யாகச் சிலிர்க்க, நினைத்த மாத்திரத்தில் மயிரை நிமிர்த்தத் தெரிந்த மிகச் சிலரைத் தவிர, யாராலும் முடியாது. குழந்தைக்குத் தன் பயம் நெஞ்சுக்குள் இருக்கும்வரை அது பெரியது, இருட்டு, அளவில்லாதது. கையில் வந்து நின்றால் அதைப் பார்க்கலாம், தடவலாம், தம்பிக்குக் காட்டலாம், பாட்டியின் கையோடு ஒப்பிடலாம், கொஞ்ச நேரத்தில் அது அமுங்குவதையும் பார்க்கலாம். தொல்காப்பியர் மெய்ப்பாடு என்ற சொல்லை ஆள்கிறார்: உள்ளத்து உணர்ச்சி உடம்பில் வெளிப்படுவது. எட்டு வயதில் இலக்கணம் தெரியாமலே அதைத்தான் உங்கள் மகள் பிடித்து வைத்து விளையாடுகிறாள்.

இனி இன்பத்துக்கு வருவோம். பால் ரோசின் என்ற உளவியலாளர் மிளகாயை வைத்து இதை யோசித்தார். எந்தக் குழந்தைக்கும் பிறக்கும்போதே மிளகாய் பிடிப்பதில்லை. நாக்கு எரிகிறது, கண்ணில் நீர் வருகிறது, உடம்பு ஆபத்து ஆபத்து என்று கத்துகிறது. ஆபத்தில்லை என்று மனத்துக்குத் தெரியும். உடம்பு ஏமாந்ததை மனம் வேடிக்கை பார்க்கும் அந்தச் சின்ன இடைவெளியில்தான் சுவை இருக்கிறது என்பது அவர் கருத்து. மழைநாளில் மிளகாய் பஜ்ஜியைத் தின்றுவிட்டு ஸ்ஸ்ஸ் என்று சொல்லிக்கொண்டே அடுத்ததை எடுக்கும் நமக்கு இதை விளக்க வேண்டியதில்லை. முன்னே முடிந்து வைக்கச் சொன்ன அட்ரினலின் இங்கே வேலைக்கு வருகிறது. பேய் போய்விட்டது, இதயம் இன்னும் அடித்துக்கொண்டிருக்கிறது. அந்தப் படபடப்பு, அடுத்து வரும் நிம்மதியின்மேல் ஏறிக்கொண்டு அதைச் சாதாரண நிம்மதியைவிடப் பெரிதாக்குகிறது. அம்மா கொடுத்த அடி எனக்கு இனித்ததும் அதனால்தான்.

தெரிந்த கதையையே ஏன் மறுபடியும் கேட்கிறாள்? முடிவு தெரிந்தால் பயம் போய்விட வேண்டாமா? 2011இல் கனடாவில் இசையை வைத்து நடந்த ஓர் ஆய்வு இதற்கு உதவுகிறது. பிடித்த இசையில் சிலிர்க்கும் கட்டம் வரும்போது மூளையில் இன்பத்தோடு தொடர்புடைய டோபமைன் என்ற வேதிப்பொருள் சுரக்கிறது. அந்தக் கட்டத்துக்குச் சற்று முன்பே, 'இதோ வருகிறது, இதோ வருகிறது' என்ற எதிர்பார்ப்பிலேயே, மூளையின் வேறொரு பகுதியில் சுரக்கத் தொடங்கிவிடுகிறது. கதைக்கும் இது அப்படியே பொருந்தும் என்று ஆய்வு சொல்லவில்லை, நான் சொல்கிறேன். புளியமரத்தடியில் வெள்ளைச் சேலை தெரியும் இடம் எப்போது வரும் என்று உங்கள் மகளுக்குத் தெரியும். பாட்டி அதற்கு முன்னால் வேண்டுமென்றே வெற்றிலை போட நிறுத்துவார் என்பதும் தெரியும்.

டென்மார்க்கில் ஆர்ஹூஸ் பல்கலைக்கழகத்தில் இப்படி விளையாட்டாக அனுபவிக்கும் பயத்தை ஆராய்வதற்கென்றே ஓர் ஆய்வகம் இருக்கிறது. காசு கொடுத்துப் பேய் வீட்டுக்குள் போகிறவர்களின் இதயத்துடிப்பை அளந்து 2020இல் ஆய்வு வெளியிட்டார்கள். பயம் மிகக் குறைவாக இருந்தபோதும் மிக அதிகமாக இருந்தபோதும் இன்பம் குறைந்தது. நடுவில் ஓர் இடத்தில்தான் கூடியது. பாட்டிகள் இந்த நடு இடத்தைக் குழந்தையின் முகத்தைப் பார்த்தே கண்டுபிடித்துவிடுவார்கள். முகம் வெளிறினால் பேய்க்கு ஒற்றைப் பல் என்பார்கள், கொட்டாவி வந்தால் இரண்டு பல்லைக் கூட்டுவார்கள். திரையில் வரும் பேய்க்கு எதிரே உட்கார்ந்திருப்பவள் முகம் தெரியாது.

இந்த விளையாட்டு நேற்று வந்ததில்லை. பெரியாழ்வார் பாசுரங்களில் ஒரு பத்து முழுக்கக் கண்ணன் 'அப்பூச்சி காட்டுகின்றான்'. குழந்தை முகத்தைக் கோரமாக்கிக்கொண்டு வந்து பெரியவர்களைப் பயமுறுத்துகிறது, ஆய்ச்சியர் பயப்படுகிறார்கள். பிள்ளைத்தமிழுக்கே வழிகாட்டியவர் தாலாட்டுக்கும் அம்புலிக்கும் பக்கத்தில் இதையும் வைத்திருக்கிறார். கைக்குழந்தையின் முன் முந்தானையால் முகத்தை மூடித் திறப்பதும் இதே விளையாட்டின் முதல் பாடம்தான்.

இவ்வளவு சொன்ன பிறகு ஒரு கடுமையான வார்த்தையும் சொல்லியாக வேண்டும். அச்சம் எங்கிருந்து பிறக்கிறது என்று தொல்காப்பியம் நான்கைச் சொல்கிறது: 'அணங்கே விலங்கே கள்வர்தம் இறையென'. அணங்கு, விலங்கு, கள்வர், இறை. அணங்கு என்றால் வருத்தும் தெய்வம், பேய் போன்றவை. இறை என்றால் அரசன் போன்ற அதிகாரம் உடையவர்கள். இந்தப் பட்டியலை வைத்துக்கொண்டு நம் வீடுகளில் சோறு ஊட்டும் நேரத்தைப் பாருங்கள். பூச்சாண்டி வருவான், நாய் கடிக்கும், பிள்ளை பிடிக்கிறவன் தூக்கிக்கொண்டு போவான், போலீஸ் மாமாவிடம் சொல்லிவிடுவேன். நான்கும் அப்படியே இருக்கின்றன. இவற்றைக் கதையோடு சேர்த்துக் குழப்பிக்கொள்கிறார்கள். கதையில் ஒரு பெண் காட்டு வழியே போகிறாள், பேய் எதிரே வருகிறது, அவள் ஏதோ செய்கிறாள், பொழுது விடிகிறது. பூச்சாண்டி மிரட்டலில் பொழுது விடிவதே இல்லை. தட்டில் சோறு மிச்சமிருக்கும்வரை அவன் வாசலிலேயே நிற்கிறான். கதை கேட்கும் குழந்தைக்குப் பாட்டி துணை. மிரட்டும்போது பாட்டியே பூச்சாண்டியின் ஆள். மாமியார் கதையும் சொல்லி மிரட்டலும் செய்தால், மிரட்டலை மட்டும் பக்குவமாக விடச் சொல்லுங்கள். போலீசைக் காட்டி மிரட்டுவதை முதலில் விட வேண்டும், நாளைக்குக் கூட்டத்தில் தொலைந்தால் அந்தக் குழந்தை யாரிடம் போய்க் கேட்கும்?

மகள் விஷயத்தில் பார்க்க வேண்டியவை கொஞ்சம்தான். விளக்கை அணைத்தபின் தனியே கழிப்பறைக்குப் போகத் தயங்கினால் அது இயல்பு, கூடப் போங்கள். தொடர்ந்து பல இரவு தூக்கம் கெடுவது, பகலிலும் ஒரே பயத்தையே சொல்லிக்கொண்டிருப்பது, 'சொல்' என்பதை விட்டு 'வேண்டாம்' என்று சொல்லத் தொடங்குவது, இவை வந்தால் கதையைச் சில நாள் ஒத்திப்போடுங்கள். நீடித்தால் குழந்தை மருத்துவரிடம் சொல்லுங்கள். 'வேண்டாம்' என்று ஒரு தடவை சொன்னாலே பாட்டி அந்த இடத்தில் நிறுத்திவிட வேண்டும், கதை எவ்வளவு சுவையான கட்டத்தில் இருந்தாலும். கதவின் தாழ்ப்பாள் குழந்தையின் கையில் இருக்க வேண்டும்.

கவலைப்பட வேண்டியது மூன்று வயதுத் தம்பியைப் பற்றி. அவனுக்குக் கதைக்கும் நடப்புக்கும் நடுவே உள்ள கோடு இன்னும் சரியாக விழவில்லை. இருட்டும் கற்பனை உருவங்களும் பயமுறுத்தும் வயதுக்குள் இப்போதுதான் நுழைகிறான். அக்காவோ அதிலிருந்து மெல்ல வெளியே வந்துகொண்டிருக்கிறாள். அக்கா கையைக் காட்டிச் சிரிக்கும்போது அவன் சிரிக்கிறானா, வாய் திறந்து பார்த்துக்கொண்டிருக்கிறானா என்று கவனியுங்கள். கேட்காததுபோல் படுத்திருக்கும் குழந்தைதான் முழுவதையும் கேட்கிறது. நான் முதலில் சொன்ன மாற்றம் இதுதான்: அவனை நீங்கள் வேறு அறையில் காக்கா நரிக் கதை சொல்லித் தூங்க வைத்த பிறகு, பாட்டி புளியமரத்துக்குப் போகட்டும். அக்காவுக்கு அரை மணி நேரம் காத்திருக்க வேண்டி வரும். அந்த அரை மணி நேரத்திலேயே அவள் கையில் பாதி மயிர் எழுந்துவிடும், பாருங்கள்.